மொசியூ றொபேட்டின் மகத்தான இரண்டு நாட்கள்

உலக சினிமாவின் வரலாற்றை இரண்டு காலங்களாகப் பிரிப்பதே முறை. மொசியூ றொபேட் அதன் பின்னால் வந்து நிற்பதற்கு முந்திய காலம். வந்து நின்றதற்குப் பிந்திய காலம். முந்திய காலத்தில் படங்கள் வெளிவந்தன. பிந்திய காலத்தைப் பற்றியே இங்கு நாம் பேச இருக்கிறோம்.

நடிகரை ஊருக்கே தெரியும். இயக்குநரை விஷயம் தெரிந்தவர்களுக்குத் தெரியும். தயாரிப்பாளரை, அவராகச் சொன்னால்தான் தெரியும். மொசியூ றொபேட் சொல்லாமல் விட்டதில்லை. "நான் திரைக்குப் பின்னால நிக்கிற ஆள். என்னை முன்னுக்குக் கூப்பிடாதேங்கோ" என்று அவர் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு சொல்வதை எத்தனையோ மேடைகளில் கேட்டு மெய்சிலிர்த்திருக்கிறேன்.

மன்னாரில் பிறந்தவர். பாரிசில் வசிப்பவர். பாரிசில் எங்கே என்பது பாரிசில் எவருக்கும் தெரியாது. திரைக்குப் பின்னால் இருப்பவருக்கு விலாசம் அழகல்ல. கடவுச்சீட்டு பிரெஞ்சு. 'திரு'வுக்குப் பதிலாகப் போடும் 'மொசியூ'வும் பிரெஞ்சு. ஆகவே 'பிரெஞ்சுத் திரைப்படத் தயாரிப்பாளர்' என்ற அவரது பட்டத்தில் முதற் சொல்லை எவராலும் மறுக்க முடியாது. மற்ற இரண்டையும் மறுக்க வேண்டுமானால் அவர் தயாரித்த படம் ஒன்றைக் காட்டிக் குறை சொல்ல வேண்டும். அந்த வாய்ப்பை அவர் எதிரிகளுக்குக் கொடுத்ததே இல்லை.

கோடையிலும் கழுத்தில் பட்டுச் சால்வை. கையில் இரண்டு போன். வருடாவருடம் கான் திரைப்பட விழாவுக்குத் தவறாமல் போவார். சிவப்புக் கம்பளத்துக்கு மிக அண்மையில், வேலிக்கு இந்தப் பக்கமாக நின்று, உலக சினிமாவின் போக்கைக் கவனித்துவிட்டு வருவார்.

அவருடைய தொழிற்கருவி ஒரேயொரு சொல். "கதைச்சிருக்கிறன்."

பணம்? "கதைச்சிருக்கிறன்." கமெரா? "கதைச்சிருக்கிறன்." கதாநாயகி? "தாயோட கதைச்சிருக்கிறன்." சாதாரண மனிதர்கள் ஒரு படத்தை எடுத்து முடிக்கிற நேரத்துக்குள் மொசியூ றொபேட் முப்பது படங்களைக் கதைத்து முடித்துவிடுவார்.

இப்பேர்ப்பட்ட ஒருவரைக் கோப்பன்ஹேகனை அடுத்த ஹ்விடோவ்ரேக்கு வரவழைத்த பெருமை எங்கள் 'டென்மார்க் தமிழ்த் திரைக்கலை மேம்பாட்டுக் கழக'த்தைச் சாரும். நான் அதன் செயலாளர். நித்தியானந்தன் அண்ணை தலைவர். மற்றவர்கள் உபதலைவர்கள், காப்பாளர்கள், போஷகர்கள். பதவி இல்லாத உறுப்பினர் ஒருவரும் இருந்தார், சுஜீதா. கழகத்தின் யாப்பில் ஒரு திருத்தம் செய்வதா இல்லையா என்று நாங்கள் மூன்று குளிர்காலம் விவாதித்துக்கொண்டிருந்தபோது, அவர் எவரிடமும் அனுமதி கேளாமல் ஒரு படத்தை எடுத்து முடித்துவிட்டார்.

சுஜீதா வயோதிபர்களை வீடு வீடாகப் போய்ப் பராமரிக்கும் வேலை செய்பவர். படத்தின் பெயர் 'யன்னல் சீலை'. தனித்திருக்கும் ஒரு டெனிஷ் கிழவர். காலையில் வந்து அவருடைய யன்னல் சீலையைத் திறந்துவிடும் ஒரு தமிழ்ப் பெண். அவ்வளவுதான் கதை. பெண்ணாக விமலராணி அக்கா. கிழவராக, சுஜீதாவின் மேல்மாடியில் இருக்கும் போல் என்பவர்; பஸ் ஓட்டி இளைப்பாறியவர். சனி ஞாயிறுகளில் எடுத்த படம்.

நகரத்தின் சிறிய திரையரங்கை நடத்தும் பென்ட என்ற அம்மையார் படத்தைப் பார்த்தார். ஒரு ஞாயிறு மூன்று மணிக் காட்சி தந்தார். கூடவே ஒரு வாக்கும் தந்தார்: மண்டபம் நிறைந்தால், கிரின்ஸ்டெட் தொடங்கி மற்ற ஊர்த் திரையரங்குகளுக்கும் தானே எழுதுவார். நிறையாவிட்டால், ஒரு கோப்பி தந்து கைகுலுக்கி அனுப்புவார். பிறகு 'யன்னல் சீலை' சுஜீதாவின் கணினிக்குள்ளேயே மூடிக் கிடக்கும்.

கழகம் அவசரமாகக் கூடியது. படத்துக்குத் தயாரிப்பாளர் இல்லை என்ற அதிர்ச்சியான உண்மை அங்குதான் வெளிவந்தது.

"தகப்பன் பேர் இல்லாத பிள்ளையை எப்பிடிச் சபைக்குக் கொண்டாறது?" என்றார் தலைவர்.

"தாய் நானிருக்கிறன் தானே அண்ணை" என்றார் சுஜீதா.

"அது வீட்டுக்குக் காணும், தங்கச்சி. போஸ்ரருக்குக் காணாது."

பாரிசிலிருந்து ஒரு தயாரிப்பாளரை வரவழைப்பதென்று ஏகமனதாகத் தீர்மானம் நிறைவேறியது. கஸ்ட்ரூப் விமான நிலையத்திலிருந்து மொசியூ றொபேட்டின் பெட்டியைச் சுமந்துவரும் பாக்கியம் எனக்குக் கிடைத்தது.

அவர் என் வீட்டுக் குசினியில் இருந்து, இரண்டு போனிலும் மாறி மாறிக் கதைத்தபடியே படத்தைப் பார்த்தார். முடிந்ததும் கண்களை மூடினார்.

"தங்கச்சி, படம் நல்லாத்தான் இருக்கு. ஆனா இதுக்குள்ள தயாரிப்பாளர் தெரியேல்லை."

"நீங்கள் திரைக்குப் பின்னால நிக்கிற ஆள் எண்டு சொன்னாங்கள்?"

"பின்னால நிக்கிறது தெரியோணும் எல்லோ!"

சுஜீதா என்னைப் பார்த்தார். நான் மரியாதையாகக் கூரையைப் பார்த்தேன்.

"மற்றது, கிழவன். டெனிஷ் கிழவன் சர்வதேசச் சந்தையில எடுபடான். இவரைப் பிரெஞ்சாக்கினா என்ன?"

"அண்ணை, படம் முடிஞ்சுது. அவற்றை பேர் போல். மேல்வீட்டில இருக்கிறார்."

"முடிஞ்ச படத்தைத் தயாரிக்கிறதுதான் பிள்ளை கஷ்ரம். ஆளோட ஒருக்காக் கதைச்சுப் பாருங்கோ, மாறுவாரோ எண்டு."

போல் மாறவில்லை. தயாரிப்பாளர் பெருந்தன்மையோடு விட்டுக்கொடுத்தார். "சரி, கிழவன் உங்கட விருப்பம். சனத்தை நிரப்புறது என்ரை பொறுப்பு. நீங்கள் அதில தலையிடாதேங்கோ."

காட்சிக்கு ஒரு கிழமை இருந்தது. ரிக்கற் எடுத்திருந்தவர்கள்: போல், விமலராணி அக்கா குடும்பம், சுஜீதாவோடு வேலை செய்யும் நாலைந்து பேர். கழக நிர்வாகிகள் இலவச அனுமதிக்கு விண்ணப்பித்திருந்தோம்.

"அண்ணை, சனம்?" என்று சுஜீதா கேட்டார்.

"கோப்பன்ஹேகன் முழுக்கக் கதைச்சிருக்கிறன். கிரின்ஸ்டெட்டோடையும் கதைச்சிருக்கிறன்."

"பென்ட நேற்றும் கேட்டவ. வெறும் கதிரையளுக்குப் படம் காட்ட ஏலாது அண்ணை. போல் கழுத்தில கட்டப் புது ரை வேண்டி வச்சிருக்கிறார்."

"ரை நல்லது" என்றார் மொசியூ றொபேட். "இனிப் போஸ்ரர் ஒண்டுதான் குறை."

போஸ்ரரில் எவருடைய படத்தைப் போடுவது என்பது அடுத்த கூட்டம். விமலராணி அக்காவும் போலும் யன்னலோரம் நிற்கும் படத்தைச் சுஜீதா காட்டினார். தலைவர் மொசியூ றொபேட்டைப் பார்த்தார்.

"என்ரை படம் வேண்டாம்" என்றார் அவர்.

"இல்லை, ஒரு மூலையில…"

"வேண்டாம் எண்டு சொல்லுறன்." சால்வையைச் சரிசெய்தார்.

"நீங்கள் இல்லாமல் எப்பிடி அண்ணை?"

"வேண்டவே வேண்டாம்" என்று சொல்லி, ஏற்கனவே தன் போனில் எடுத்து வைத்திருந்த படத்தை அனுப்பினார். மூன்று தரம் மறுத்தபடியால் படம் முழுப் போஸ்ரருக்கும் பெரிதாகிவிட்டது.

வடிவமைக்கும் பொறுப்பு றொனிஷனிடம் போனது. இங்கே பிறந்த பிள்ளை. கிழமை நாட்களில் ஒரு பெரிய கம்பனியில் கணினி வேலை. சனி ஞாயிறில் எங்கள் சனத்தின் கொண்டாட்டம், துக்கம் அனைத்துக்கும் அவன்தான் போஸ்ரர். முதல் நாள் இரவு மொசியூ றொபேட் போனில் சொல்லச் சொல்லக் கேட்டு, வெள்ளி பின்னேரமே செய்து வட்சப்பில் விட்டுவிட்டான். நான் அதைப் பார்த்தபோது அது கிரின்ஸ்டெட் வரை போய்விட்டது.

நடுவில், முட்டை வடிவச் சட்டத்துக்குள், மொசியூ றொபேட். தூரத்தைப் பார்க்கும் கண்கள். இரண்டு பக்கமும் எரியும் மெழுகுதிரி. கீழே வெள்ளை லில்லிப் பூ. இடப்பக்கம் அவர் திரையுலகில் நுழைந்த ஆண்டு, வலப்பக்கம் வருகிற ஞாயிற்றுக்கிழமைத் திகதி. மேலே, அவரே சொல்லி எழுதுவித்த வாசகம்: 'திரைக்குப் பின்னால் இருந்து எம்மை என்றும் வழிநடத்தும் ஒளிவிளக்கு.' அடியில் மண்டபத்தின் விலாசம், மூன்று மணி, பிறகு: 'இவ்வறிவித்தலை உற்றார், உறவினர், நண்பர்கள் அனைவரும் ஏற்றுக்கொள்ளவும். தகவல்: சுஜீதா (டென்மார்க்).' தபால் முத்திரை அளவில் யன்னல் ஒன்றும் இருந்தது.

நான் றொனிஷனுக்குப் போன் எடுத்தேன். "தம்பி, என்னடா இது?"

"என்ன அங்கிள்? வடிவில்லையோ?"

"இது மரண அறிவித்தலடா!"

"இல்லை அங்கிள். சிலுவையை எடுத்திட்டன்."

"ஏன்ரா இந்த டிசைனை எடுத்தனி?"

அவன் பொறுமையாக விளக்கினான். "என்னட்ட மூண்டு டிசைன் இருக்கு. கலியாணம் எண்டா ரெண்டு ஆள். சாமத்தியவீடு எண்டா வயசுக்கு வந்த ஒரு பொம்பிளைப் பிள்ளை. தனிய ஒரு ஆம்பிளை எண்டா எங்கட ஆக்களிட்ட இது ஒண்டுதான் இருக்கு."

நாற்பது ஆண்டுப் புலம்பெயர் பண்பாட்டைப் பற்றி எந்தப் பேராசிரியரும் இவ்வளவு சுருக்கமாகச் சொன்னதில்லை. நான் போனை வைத்தேன். வைத்த உடனே அடித்தது.

"தம்பி, உண்மையோ?" கிரின்ஸ்டெட்டிலிருந்து அருள்நாயகி அக்கா. அழுதுகொண்டிருந்தார். "போன மாதமும் என்னோட கதைச்சவர். எப்பிடி நடந்தது? இண்டைக்கு வெள்ளி, திகதி ஞாயிறு எண்டு கிடக்கு?"

"அக்கா, அது படம்…"

"ஓம், படத்தைப் பாத்துத்தான் அழுகிறன். உயிரோட இருக்கிற மாதிரியே இருக்கு. ஞாயிறு அடக்கமோ? நாங்கள் நாலு கார் வாறம்."

சம்பந்தப்பட்டவரே ஒரு வார்த்தை சொன்னால் தீர்ந்துவிடும். ஆனால் மொசியூ றொபேட் அன்று மத்தியானம்தான், 'வெளியில் சொல்ல முடியாத ஒரு சந்திப்பு'க்காகப் பாரிசுக்குப் போயிருந்தார். இரண்டு போனுக்குமான ஒரே சார்ஜரை என் குசினியில் விட்டுவிட்டுப் போயிருந்தார். அவரை அழைத்தவர்களுக்கெல்லாம் பதில் வரவில்லை. மொசியூ றொபேட் கதைக்கவில்லை என்றால் அவர் உயிரோடு இல்லை என்பதற்கு எங்கள் சனத்துக்கு வேறு அத்தாட்சி தேவைப்படவில்லை.

சனி காலை கழகம் கணினி வழியாக அவசரமாகக் கூடியது.

"உடன மறுக்கோணும்" என்றார் சுஜீதா. "சனம் மலர்வளையத்தோட வரப்போகுது."

"மறுத்தா சனம் வராது" என்றார் தலைவர். "நாங்கள் செத்துப்போனார் எண்டு எங்க எழுதினாங்கள்? போஸ்ரரில எந்த வரி பொய்? சொல்லு பாப்பம்."

"எனக்கு ஹோல் நிறையோணும்தான் அண்ணை. ஆனா பொய்யால நிறையக் கூடாது" என்று சொல்லி, எங்கள் கண்ணெதிரிலேயே சுஜீதா எல்லாக் குழுக்களுக்கும் எழுதிவிட்டார்: 'றொபேட் அண்ணை சுகமாக இருக்கிறார். நாளைக்கு நடப்பது எனது படத்தின் காட்சி.'

பதில்கள் உடனே வந்தன.

'ஓம் தங்கச்சி. அவர் எங்கள் எல்லோருடைய மனதிலும் சுகமாகவே இருக்கிறார்.'

'அவர் தயாரித்த படத்தையே அவருக்கு அஞ்சலியாகக் காட்டுகிறீர்கள். கண்ணீர் வருகிறது.'

'சுஜீதா பாவம், அதிர்ச்சியில் இருக்கிறார். ஆராவது பக்கத்தில் இருங்கோ.'

மாலைக்குள் எல்லா ரிக்கற்றும் முடிந்தன. செத்தவீட்டுக்கு ரிக்கற் எடுக்க வேண்டுமா என்று ஒருவரும் கேட்கவில்லை. டென்மார்க்கில் எல்லாவற்றுக்கும் முன்பதிவு வேண்டும் என்பது அவர்களுக்குப் பழகிவிட்டது.

ஞாயிறு. மண்டபம் நிறைந்து வழிந்தது. ஆண்கள் கறுப்புக் கோட், பெண்கள் வெள்ளைச் சேலை. கிரின்ஸ்டெட்டிலிருந்து நாலு காரும் கடலுக்கு மேலான பெரிய பாலத்துக்குக் காசு கட்டிக் கடந்து வந்து சேர்ந்தன. பென்ட வாசலில் நின்று அசந்துபோனார். தமிழர்கள் சினிமாவுக்கு இவ்வளவு மரியாதையாக உடுத்து வருவார்கள் என்று தனக்குத் தெரியாது என்றார். சனம் சோளப்பொரியைப் பார்த்து முதலில் தயங்கியது, பிறகு வாங்கியது.

முதல் வரிசையில் புது ரையோடு போல். பக்கத்துக் கதிரையில் ஒரு மலர்வளையம். சுற்றிலும் விம்மல் கேட்கவே, அவர் விமலராணி அக்காவிடம் டெனிஷில் கிசுகிசுத்தார்: "நான் சாகிற காட்சி கடைசியில்தானே வரும்? ஏன் இப்பவே அழுகிறார்கள்?"

தலைவர் திரைச்சீலைக்கு முன்னால் போய் நின்றார். இரண்டு வார்த்தை கதைக்க விரும்புபவர்கள் வரலாம் என்றார். எங்கள் சபையில் இதைச் சொல்வது அணையைத் திறந்துவிடுவதற்குச் சமம்.

அருள்நாயகி அக்கா வந்தார். "எங்கட வீட்டிலதான் ஷூட்டிங் எண்டு அண்ணை கதைச்சவர். சுவருக்கு நீலம் அடிக்கச் சொன்னவர். அடிச்சம். பிறகு மஞ்சள் எண்டவர். அதையும் அடிச்சம். இப்பவும் மஞ்சளாத்தான் கிடக்கு…" லேஞ்சியால் மூக்கைச் சிந்திக்கொண்டு போய் இருந்தார்.

அடுத்து ஷரோன் என்ற பெண்ணின் தகப்பன். "என்ர மகளைப் படத்தில வயலின் வாசிக்க விடுறன் எண்டு அண்ணை கதைச்சவர். அப்ப அவள் ஏழாம் வகுப்பு. இப்ப அவளின்ர மகள் ஏழாம் வகுப்பு. பிள்ளை இன்னும் வயலினைத் துடைச்சுத்தான் வச்சிருக்கிறாள்."

தலைவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "மொசியூ றொபேட் செய்து முடித்த காரியங்களை இப்பொழுது சொல்லப் போகிறேன்" என்று தொடங்கினார். பிறகு நீண்ட நேரம் யோசித்தபடி நின்றார். சபை அதை மௌன அஞ்சலி என்று எண்ணி எழுந்து நின்றது.

இந்த நேரத்தில்தான், பக்கக் கதவால் வெளியே போன நான், வாடகைக் காரிலிருந்து இறங்கிய மொசியூ றொபேட்டைக் கண்டேன். அவர் கதவால் உள்ளே எட்டிப் பார்த்தார்.

"பாத்தீரோ சனத்தை! சொன்னனான் தானே, கதைச்சிருக்கிறன் எண்டு. ஏன் எல்லாரும் எழும்பி நிக்கினம்?"

"உங்களுக்காகத்தான். செத்தவீடு."

"ஆர் செத்தது?"

"நீங்கள்."

அவர் இதை ஒரு தயாரிப்பாளருக்குரிய நிதானத்தோடு எடைபோட்டார். "ஹோல் நிறைஞ்சிட்டுதோ?"

"வழியுது."

"அப்ப கொஞ்சம் பொறுப்பம்" என்று சொல்லி, திரைச்சீலைக்கும் வெண்திரைக்கும் நடுவிலிருந்த ஒடுக்கமான இடத்துக்குள் நுழைந்து நின்றுகொண்டார். வாழ்நாள் முழுவதும் அவர் உரிமை கோரிய இடம். சீலைக்கு அப்பால் தன்னைப் பற்றிப் பேசப்படும் ஒவ்வொரு வசனத்துக்கும் தலையாட்டினார். தலைவர் மஞ்சள் சுவரைத் திருப்பிச் சொன்னபோது இரண்டு தரம் ஆட்டினார்.

சுஜீதா ஓடிவந்தார். அந்தப் பக்கம் பென்ட கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டிக்கொண்டிருந்தார். அடுத்த காட்சி சிறுவர் படம். பிள்ளைகள் வெளியே வந்து சேர்ந்துகொண்டிருந்தார்கள். இன்னும் கொஞ்சம் போனால் 'யன்னல் சீலை'யை முழுதாகக் காட்ட நேரம் இராது.

"அண்ணை, வெளியால வந்து உயிரோட இருக்கிறன் எண்டு சொல்லுங்கோ. படம் தொடங்கோணும்."

"பொறு தங்கச்சி. இன்னும் மூண்டு பேர் கதைக்க இருக்கினமாம்."

"மூண்டு வருஷம் அண்ணை. ஒருக்கா முழுசாக் காட்டினாக் காணும் எனக்கு."

"கண்டிப்பா. பென்டவோட நான் பிறகு கதைக்கிறன்."

சுஜீதா அவரை ஒரு கணம் பார்த்தார். திரும்பி, பென்டவிடம் போய், டெனிஷில் ஒரேயொரு சொல் சொன்னார். "இப்போது."

விளக்குகள் அணைந்தன. திரைச்சீலை இரண்டாகப் பிரிந்தது. படத்தின் முதற் காட்சி, காலை வெளிச்சம் விழும் ஒரு யன்னல், முழுவதுமாக மொசியூ றொபேட்டின் நெஞ்சில் விழுந்தது.

"யேசுவே!" என்றார் அருள்நாயகி அக்கா. சோளப்பொரிகள் பறந்தன. ஷரோனின் தகப்பன் சிலுவை போட்டுக்கொண்டார்.

மொசியூ றொபேட் அசரவில்லை. சால்வையை எடுத்துத் தோளில் போட்டார். கைகளை விரித்தார். "அன்பான ரசிகப் பெருமக்களே! திரைக்குப் பின்னால நிக்கிற என்னை, முன்னுக்கு வா எண்டு நீங்கள் எல்லாரும்…"

பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது. "அண்ணை, நீங்கள் உயிரோட இருக்கிறது நல்ல விஷயம். கொஞ்சம் தள்ளி நில்லுங்கோ, படம் மறைக்குது!"

அவர் தள்ளி நின்றார். பிறகு தரையில் இருந்தார். படம் ஓடியது.

சனம் கோபத்தில் எழுந்து போய்விடும் என்று நான் பயந்தேன். பாலத்துக்குக் கட்டிய காசு அவர்களை இருத்தியது. சற்று நேரத்தில் காசு மறந்துபோயிற்று. விமலராணி அக்கா யன்னல் சீலையைத் திறக்கத் திறக்க, சோளப்பொரியை எவரும் தொடவில்லை. கடைசிக் காலையில் அவர் திறந்தபோது கட்டில் வெறுமையாக இருந்தது. றொபேட்டுக்கென்று கொண்டுவந்த லேஞ்சிகள் எல்லாம் போலுக்குப் பயன்பட்டன. உயிருள்ள போல், முதல் வரிசையில், தன் புது ரையின் நுனியால் கண்ணைத் துடைத்தார். வெளியே வந்த அருள்நாயகி அக்கா எவரையும் ஏசவில்லை. சுஜீதாவின் கையை மட்டும் பிடித்துக்கொண்டு நின்றார். பென்ட அங்கேயே நின்று கிரின்ஸ்டெட்டுக்குப் போன் எடுத்தார்.

மலர்வளையத்தை வீணாக்கக் கூடாது என்று தலைவர் அதை மொசியூ றொபேட்டின் கழுத்தில் போட்டுவிட்டார். அவர் அதோடு சுஜீதாவிடம் வந்தார்.

"பாத்தீரோ பிள்ளை, ஹோலை நிரப்பினது ஆர்? அடுத்த படத்தையும் நானே தயாரிக்கிறன்."

"ஓம் அண்ணை" என்றார் சுஜீதா. "ஆனா இந்த முறை செய்த மாதிரியே செய்யோணும். வெள்ளிக்கிழமை போஸ்ரர் வந்தா, ஞாயிறு வரைக்கும் ஆரோடையும் கதைக்கக் கூடாது."

"அதைப் பற்றிக் கதைப்பம்" என்றார் அவர்.

எனவே, கழகத்தின் சார்பில் இந்த நன்றியுரையைப் பதிவு செய்கிறேன். மொசியூ றொபேட்டின் நீண்ட திரையுலக வாழ்வில் ஒரு படம் சனத்திடம் முழுதாகப் போய்ச் சேர்ந்தது, அவர் செத்திருந்த அந்த இரண்டு நாட்களின் பயனாக மட்டுமே. மற்ற நாட்களில் எல்லாம் அவரை உயிரோடு வைத்திருந்தவர்கள் நாங்கள்: மேடை தந்தவர்கள், ஒலிவாங்கி நீட்டியவர்கள், சுவருக்கு இரண்டாந்தரமும் பெயின்ற் அடித்தவர்கள். பெட்டியைச் சுமந்தவன், இப்படிக்கு, செயலாளர்.